பெல்விங்கின் முப்பத்தோராம் நாள்

1.

இந்தக் கதை ஒரு பொய்யில் பிறந்தது. அதை முதலே சொல்லிவிட்டால் மனம் லேசாகிவிடும். எங்கள் இலக்கிய வட்டத்தின் ஆண்டு மலருக்கு, விக்டோரியா மகாராணி காலத்து அங்கத நாவலாசிரியர் ஒருவரின் வாழ்வும் பணியும் பற்றிக் கட்டுரை தருவதாக ஒப்புக்கொண்டிருந்தேன். கூட்டத்துக்குப் பிந்திப் போனதால், உண்மையில் வாழ்ந்த ஆட்களை எல்லாம் மற்றவர்கள் பங்குபோட்டு முடித்திருந்தார்கள். வேறு வழியில்லாமல் ஒருவரை நானே உண்டாக்கினேன். பெயர் அகஸ்டஸ் பெல்விங். தேடிப் பார்க்காதீர்கள், அகப்படமாட்டார்.

மலர்க்குழு தேடிப் பார்த்தது. கட்டுரை திரும்பி வந்தது, கூடவே மூன்று வரியில் ஒரு கண்டனமும் வந்தது. ஆனால் பெல்விங் போகவில்லை. இரண்டு நாள் தங்க வந்து சோபாவைப் பிடித்துக்கொண்ட மைத்துனர் மாதிரி என் தலைக்குள் படுத்துவிட்டார். அவருக்கு வேறொரு வீடு பார்த்துக் கொடுக்கத்தான் இந்தக் கதையை எழுதுகிறேன்.

2.

முதல் தொடக்கம்: "ஸ்காபரோவில் விடாமல் பனி கொட்டிக்கொண்டிருந்த ஒரு—"

[வெட்டினேன். ரொறன்ரோக் கதை என்றால் பனி கொட்டியே ஆகவேண்டுமா? அதோடு இது ஜூன் மாதம்.]

இரண்டாம் தொடக்கம்: "ஓய்வுபெற்ற ஆசிரியரான நவரட்ணம் தன் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தபடி—"

[ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் நம் கதைகளில் ஏற்கெனவே நிரம்பி வழிகிறார்கள். துடைக்கப்பட்ட மூக்குக்கண்ணாடிகளுக்கும் பஞ்சமில்லை. நவரட்ணத்துக்கு வேறு வேலை பிறகு வைத்திருக்கிறேன்.]

மூன்றாம் தொடக்கம்: கௌசி செத்தவர்களைப் பற்றி நல்லதாக எழுதுகிறவள்.

இது நிற்கட்டும்.

ஐம்பத்திரண்டு வயது. ஸ்காபரோவில் ஓர் அச்சகத்தில் தட்டச்சும் பக்க வடிவமைப்பும் செய்கிறாள். நம் ஆட்களில் ஒருவர் கண்ணை மூடினால், முப்பத்தோராம் நாள் சாப்பாட்டோடு வந்தவர்கள் எல்லாருக்கும் ஒரு கல்வெட்டுப் புத்தகம் கொடுக்கிறோம் அல்லவா? அட்டையில் படம், உள்ளே தேவாரம், வாழ்க்கை வரலாறு, கடைசியில் நன்றி நவிலல். அந்த வாழ்க்கை வரலாற்றைப் பதினாலு வருடமாக எழுதி வருகிறவள் கௌசிதான். எல்லா வரலாறும் "பனையும் தென்னையும் நிழல் பரப்ப, ஆலயமணி ஓசை அலைமோத" என்றுதான் தொடங்கும். அதற்குப் பிறகு இறந்தவர் இன்முகத்துடன் விருந்தோம்புவார். இருநூறு பேருக்கு மேல் அவள் கையால் இன்முகம் பெற்றிருக்கிறார்கள். அதில் நாலைந்து பேரைக் கௌசிக்கு நேரில் தெரியும். அவர்களுக்கு எழுதும்போது மட்டும் நாக்கைக் கடித்துக்கொள்வாள்.

3.

பெல்விங்கை இவளிடம்தான் கொடுத்தேன். எனக்குள் அவர் பொய். கதைக்குள் அவர் மெய். நூலகத்து வாசகர் வட்டத்தில் அவரைப் பற்றிப் பேசவேண்டும் என்று கௌசி அவருடைய பதினொரு நாவல்களில் மூன்றை இரவல் எடுத்தாள். லோரன்ஸ் வீதிப் பஸ்ஸில் வாசித்துக்கொண்டு போனவள் சிரித்த சிரிப்பில், பக்கத்துச் சீட்டுக்காரி எழும்பி வேறிடம் போய் இருந்துகொண்டாள்.

பெல்விங் கையுறை தைப்பவரின் மகன். அவர் நாவல்கள் மாதா மாதம் பச்சை அட்டையில் பகுதி பகுதியாக வந்தன. ஊரார் அடித்துப் பிடித்து வாங்கினார்கள், கதைக்காக அல்ல, இந்த மாதம் தாங்கள் அதில் இருக்கிறோமா என்று பார்ப்பதற்காக. ஒரு பாதிரியார் தன்னைக் கேலி செய்துவிட்டதாக வழக்குப் போட்டார். இன்னொரு பாதிரியார் தன்னை விட்டுவிட்டதாகப் போட்டார்.* மூன்றாவது நாவலில் பெல்விங் கூடப் பிறந்த தம்பியையே போட்டார், பள்ளிக்கூடத்து வாத்தியார் மாதிரித் தினமும் வீட்டுக் குடைகளுக்கு இடாப்புக் கூப்பிடும் கனவானாக. ஊர் சிரித்தது. தம்பி அதன் பிறகு அண்ணனோடு பேசவில்லை. மனைவி ஹரியட் மட்டும் எந்த நாவலிலும் இல்லை. அவர் எழுதியதை எல்லாம் அழகான கையெழுத்தில் படியெடுத்து அச்சுக்கு அனுப்பியவள் அவள்தான்.

கடைசி நாவலின் நாயகன் ஓர் அங்கத எழுத்தாளன். அவன் வீட்டுக்கு எவரும் வருவதில்லை. பன்னிரண்டு பகுதிகளில் ஒன்பதுதான் வந்தன. பத்தாவதில் தம்பி வந்து கதவைத் தட்டுவதாக இருந்ததா என்று யாருக்கும் தெரியாது. [எனக்கும் தெரியாது. கட்டுரையில் தெரிந்த மாதிரி எழுதியிருந்தேன்.]

கௌசி பேச்சை எழுத உட்கார்ந்தாள். ஒரு வாழ்க்கையை வேறு மாதிரித் தொடங்க அவளுக்குத் தெரியாது. பழைய கல்வெட்டு ஒன்றைத் திறந்து, பெயரை மாற்றி, "அப்பிளும் பேரியும் நிழல் பரப்ப, தேவாலயமணி ஓசை அலைமோத" என்று தொடங்கினாள். ஓரத்தில் குத்துவிளக்குகள் அப்படியே நின்றன. ஆனால் ஆறாம் பக்கம் வந்ததும் பதினாலு வருடத்தில் முதல் தடவையாக இன்முகத்தை விட்டுவிட்டு, மனுசன் எப்படியோ அப்படியே எழுதினாள். எழுதிய சந்தோசத்தில் எழும்பி இரண்டு தோசை சுட்டாள்.

* இந்த வழக்கின் தீர்ப்பையும் எழுதி வைத்திருந்தேன். நீளம் கருதி நீக்கினேன். இருவரும் தோற்றார்கள்.

4.

அடுத்த கிழமை ரதி அன்ரி அச்சகத்துக்கு வந்தார். கணவர் குலசிங்கம் எழுபத்துமூன்று வயதில் காலமாகியிருந்தார். படமும் பிறந்த திகதியும் கொடுத்துவிட்டு, வாசல்வரை போனவர் திரும்பி வந்தார். குலசிங்கத்துக்கு ஒரே ஒரு தம்பி, சிவபாதம், ஒஷாவாவில் இருக்கிறார். காரில் நாற்பது நிமிடம். அண்ணனும் தம்பியும் பேசிப் பத்தொன்பது வருடம். செத்தவீட்டுக்கும் அவர் வரவில்லை. முப்பத்தொன்றுக்கு வருவதாக ஆரிடமோ சொல்லியிருக்கிறார்.

"எனக்கெண்டு இஞ்ச மிஞ்சியிருக்கிற ஒரே சொந்தம் அவர்தான், பிள்ளை," என்றார் ரதி. "அவரின்ர மனம் நோகிற மாதிரி ஒரு வரியும் வரக்கூடாது. வந்தவர் திரும்பிப் போயிடுவார்."

கௌசி ஓம் என்றாள். மனம் நோகாமல் எழுதுவது அவளுக்குக் கைவந்த கலை.

5.

இப்போது தவறு நடக்கவேண்டும். எப்படி நடந்தது என்று பல மாதிரி யோசித்தேன். கொம்பியூட்டர் வைரஸ் [மலிவு]. அச்சகத்தில் பக்கங்கள் கலந்தன [நம்பமாட்டீர்கள்]. கடைசியில் கௌசி வேலை செய்யும் விதத்திலேயே அது இருந்தது.

அவள் ஒருநாளும் புதுக் கோப்பு திறப்பதில்லை. கடைசியாகச் செய்த கோப்பைத் திறந்து, வேறு பெயரில் சேமித்து, பழைய ஆளின் பெயர் வரும் இடமெல்லாம் புது ஆளின் பெயரை ஒரே அழுத்தில் மாற்றிவிடுவாள். பிறகு ஒவ்வொரு பெயராகத் தேடிப் போய் அதைச் சுற்றியுள்ள வரிகளைத் திருத்துவாள். கடைசியாகச் செய்த கோப்பு பெல்விங். அப்பிளும் பேரியும் பனையும் தென்னையும் ஆயின. தேவாலயம் கோயில் ஆயிற்று. பதினொரு நாவல்கள் போய்த் தபால் திணைக்களத்தில் பதினொரு வருடச் சேவை வந்தது. ஆறாம் பக்கத்தில் மட்டும் ஓரிடத்திலும் பெயர் இல்லை. அங்கே எல்லாம் அவர், அவர், அவர். மனுசனை நேரே பார்த்து எழுதும்போது பெயர் தேவைப்படவில்லை.

அச்சுக்கு முந்திய பார்வைப்படியை வட்ஸ்அப்பில் ரதிக்கு அனுப்பினாள். பதிலுக்கு ஒரு பெருவிரல் படம் வந்தது. முந்நூறு பிரதி அச்சாயிற்று.

6.

மண்டபத்தில் இருநூற்றைம்பது பேர். தேவாரம் முடிந்தது. கல்வெட்டை வாசிக்க நவரட்ணம் அண்ணை எழும்பினார். ரொறன்ரோவில் முப்பத்தொன்று என்றால் வாசிப்பது அவர்தான். மளிகைச் சாமான் பட்டியலைக் கொடுத்தாலும் முகாரியில் இழுத்து எல்லாரையும் அழவைத்துவிடுவார். பொருளைக் கவனிப்பது அவர் வழக்கமில்லை.

சிவபாதம் வந்திருந்தார். கடைசி வரிசையில், கதவோரக் கதிரையில், கார்த் திறப்புக் கொத்தைக் கையில் பிடித்தபடி இருந்தார். அவர் இருந்த நிலையைப் பார்த்தபோது, வந்ததும் வராததுமாகப் போய்விடுவார் என்று கௌசிக்குப் பட்டது. இரண்டு வரிசை முன்னால் இருந்த அவள் சும்மா புத்தகத்தைப் புரட்டினாள். ஆறாம் பக்கம் வந்தது. அதில் இருந்தது குலசிங்கம் இல்லை, பெல்விங். நவரட்ணம் அண்ணை அப்போது ஐந்தாம் பக்கத்தின் அடியில் இருந்தார்.

[ஓடிப்போய் ஒலிவாங்கியின் வயரைப் பிடுங்குவதாக எழுதினேன். பிடுங்கவும் வைத்தேன். வயரில்லாத ஒலிவாங்கி என்று பிறகுதான் ஞாபகம் வந்தது.]

"தான் சொன்ன பகிடிக்கு அவர் தானே முதலில் சிரிப்பார்," என்று அண்ணை அழுகுரலில் இழுத்தார். "மற்றவர்கள் சிரிக்காவிட்டால் திரும்பவும் சொல்வார். ஊரில் எவருடைய குறையும் அவர் கண்ணுக்குத் தப்பியதில்லை. அவருடைய குறை ஒன்றாவது அவர் கண்ணில் பட்டதுமில்லை."

பின்வரிசையில் ஒருவர் இருமினார். அது இருமல் இல்லை. பக்கத்திலிருந்தவர் சால்வையை வாயில் திணித்தார். ஒரு வரிசை குலுங்கியது, அடுத்த வரிசைக்கு அது தொற்றியது. குலசிங்கத்தோடு ஒரு தடவையாவது தேத்தண்ணி குடித்த ஒவ்வொருவரும் அந்தப் பகிடியை இரண்டு தரம் கேட்டவர்கள். அண்ணைக்குச் சபை விம்முகிற மாதிரிப் பட்டது. உற்சாகத்தில் சுருதியை இன்னும் கூட்டினார்.

"அவர் மனைவியை மட்டும் ஒருநாளும் பகிடி பண்ணியதில்லை. பயம். கூடப்பிறந்த தம்பியோடு பல வருடம் பேசாமல் இருந்தார். காரணம் ஒரு குடை."

கதவோரம் கதிரை சத்தம் போட்டது. சிவபாதம் எழும்பி நின்றார். சிரிப்பு சட்டென்று அடங்கியது.

"குடை இல்லை," என்றார். "ஸ்னோ புளோவர்."

நவரட்ணம் அண்ணை முதல் தடவையாகத் தான் வாசித்துக்கொண்டிருந்ததைக் குனிந்து பார்த்தார்.

"வாசல் பனி தள்ளுற மெசின், இரண்டு பேரும் சேர்ந்து வாங்கினது. நான் ஒஷாவாவுக்கு மாறேக்க கேட்டன், தரமாட்டன் எண்டிட்டார்." கதவில் கை வைத்தார். "தந்திருந்தா ஒவ்வொரு ஸ்னோவுக்கும் அதைக் காரில ஏத்திக்கொண்டு வந்து அவரின்ர வாசலையும் நானே தள்ளிவிட்டிருப்பன். ஏன் கேக்கிறாய் எண்டு ஒரு சொல்லுக் கேட்டிருந்தாச் சொல்லியிருப்பன்."

சொல்லிவிட்டுக் கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே போனார்.

7.

கௌசி அழுதுகொண்டே ரதியிடம் போனாள். பெல்விங், நூலகம், கோப்பு என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினாள். இப்படி ஒரு பிழை விட்டபிறகு இந்த நகரத்தில் தன்னை நம்பி ஒருவரும் சாகமாட்டார்கள் என்றுகூடச் சொன்னாள். ரதி எல்லாவற்றையும் கேட்டார்.

"நான் வாசிச்சனான், பிள்ளை," என்றார். "நீர் போனுக்கு அனுப்பின அண்டைக்கே. இரண்டு தரம்."

கௌசிக்கு விளங்கவில்லை. பிறகேன் ஓம் என்று பெருவிரல் போட்டீர்கள் என்று கேட்டாள்.

"மற்றப் பக்கத்தில இருக்கிற நல்ல மனுசனை எனக்குத் தெரியாது. நாப்பத்தாறு வருசம் நான் இருந்தது ஆறாம் பக்கத்தோட. ஆரோ வந்து பாத்து எழுதின மாதிரி இருந்தது." சேலைத் தலைப்பைச் சரிசெய்தார். "சிவபாதம் கோவிச்சதும் இந்த ஆறாம் பக்கத்து மனுசனோடதான். அந்த நல்ல மனுசனோட அவர் எப்பிடிச் சமாதானம் ஆகிறது?"

[இந்த இடத்தில் ஹரியட்டைப் பற்றி ஒரு பந்தி எழுதினேன். ஒவ்வொரு வரியையும் படியெடுத்தவள், குடையைப் பற்றிய வரியையும் படியெடுத்தவள், நினைத்திருந்தால் வெட்டியிருக்கலாம் என்று. ரதி பேசிய பிறகு அந்தப் பந்தி எழும்பி நிற்கவே கூசியது. எடுத்துவிட்டேன்.]

ரதி சமையல் பக்கம் போய், பிளாஸ்ரிக் பெட்டியில் சோறும் கறியும் இரண்டு வடையும் போட்டு மூடினார். கௌசி வாயிலில் நின்றாள். வெளியே நல்ல வெயில்.

8.

சிவபாதத்தின் கார் இன்னும் அங்கேதான் நிற்கிறது. இஞ்சின் ஓடுகிறது, கண்ணாடிகள் மூடியிருக்கின்றன. அவர் நேரே முன்னால் பார்த்துக்கொண்டிருக்கிறார். ரதி வெள்ளைச் சேலையை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு, மற்றக் கையில் பெட்டியோடு, கார்களுக்கு நடுவே நடந்து போகிறார்.

முடிவை இரண்டு தரம் எழுதினேன். முதல் தரம் கண்ணாடி உடனே இறங்கியது, இருவரும் அழுதார்கள், சிவபாதம் உள்ளே வந்து பாயாசம் குடித்தார். வாசித்துப் பார்த்தேன், அது கல்வெட்டு. இரண்டாம் தரம் கார் பின்னுக்கு வந்து திரும்பிப் போயிற்று, வடை நிலத்தில் உருண்டது. அது பெல்விங். நாலு பேர் சிரிப்பார்கள், அவருக்கு அது போதும். எனக்குப் போதாது. பதினொரு நாவல் எழுதிய மனுசனுக்கே பத்தாம் பகுதி வரவில்லை. எனக்கு எங்கே வரப்போகிறது? வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், இதை எழுத எனக்குப் பயமாக இருக்கிறது.

ரதி காரடிக்கு வந்துவிட்டார். குனிந்து கண்ணாடியில் விரலால் தட்டுகிறார்.

உள்ளே இருப்பது நீங்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்தொன்பது வருடம். கண்ணாடியை இறக்கும் பொத்தான் உங்கள் இடது கைக்குப் பக்கத்தில் இருக்கிறது.