எலிசாள் நடத்திய மார்ச்

திருவனந்தபுரம் எம்.ஜி. ரோட்டில் ஊர்வலம் (அங்கே அதற்கு மார்ச் என்று பெயர்) மழை மாதிரி. எப்போது வரும் என்று எல்லாருக்கும் ஓரளவு தெரியும். வந்தால் ஒதுங்கி நிற்பார்கள். விட்டதும் அவரவர் வேலையைப் பார்க்கப் போவார்கள். பாளையத்தில் திரளும் கூட்டம் தலைமைச் செயலகத்தை நோக்கி நடக்கும். வாசலுக்குச் சற்று முன்னால் போலீஸ் இரும்புத் தடுப்புகளை வரிசையாக நிறுத்தி, ஒன்றோடொன்று கயிற்றால் பிணைத்து, கயிற்றின் நுனியை விளக்குக் கம்பத்தில் கட்டியிருக்கும். பின்னால் தண்ணீர் பீய்ச்சும் வண்டி நிற்கும். வந்தவர்கள் தடுப்பைப் பிடித்து உலுக்குவார்கள். யாராவது ஒரு துடிப்பானவர் மேலே ஏறுவார். தண்ணீர் அடிக்கும். நனைந்தவர்கள் அப்படியே தரையில் உட்காருவார்கள்; தலைவர் பேசுவார்; கலைவார்கள். இதில் யாருக்கு என்ன வேலை என்பது இரண்டு தரப்புக்கும் மனப்பாடம்.

எலிசாளுக்கும் மனப்பாடம். அந்த ஊர்வலங்களில் பறக்கும் கொடிகளில் பெரும்பங்கை அவள்தான் தைக்கிறாள். எந்தக் கட்சி என்று அவள் பார்ப்பதில்லை. என்ன துணி என்றுதான் பார்ப்பாள். தொழில் தொடங்கிய புதிதில் பருத்தியில் தைத்துக் கொடுத்தாள். தண்ணீர் பட்டதும் சாயம் இளகி வெள்ளை வேட்டிகளில் இறங்க, நனைந்த தொண்டர்கள் போலீஸை விட்டுவிட்டு அவள் கடைக்கு வந்து சண்டை போட்டார்கள். அன்றிலிருந்து பாலியெஸ்டர்தான். சீக்கிரம் உலரும், சாயமும் போகாது.

அவள் வீடு பாறசாலையில். இடது கால் சின்ன வயதிலேயே போலியோவில் சூம்பியது. இரும்பும் தோலும் சேர்த்துச் செய்த தாங்கியைத் தொடைவரை மாட்டிக்கொண்டு, தினமும் பஸ் மாறி வந்து அதே எம்.ஜி. ரோட்டில் ஸ்டாச்சுவுக்கும் புளிமூட்டுக்கும் நடுவே இறங்குவாள். கடை நேர் எதிரே, சாலைக்கு அந்தப் பக்கம். வெள்ளைக் கோடுகள் மேல் நடந்து குறுக்கே கடந்தால் வாசல்.

போன வருஷம் சாலைக்கு நடுவே ஆள் மார்பளவுக்கு இரும்புக் கம்பிவேலி வந்தது. வண்டிகள் தடையில்லாமல் போக வேண்டுமாம். வெள்ளைக் கோடுகளை யாரும் அழிக்கவில்லை. அவை வேலிக்கு இந்தப் பக்கம் வந்து முட்டி நின்று, அந்தப் பக்கம் ஒன்றும் நடக்காததுபோலத் தொடர்ந்தன. கால் நன்றாக இருப்பவர்கள் தாவிக் கடந்தார்கள். மற்றவர்களுக்கு நடைமேம்பாலம் இருக்கிறது என்று எலிசாள் போட்ட மனுவுக்குப் பதில் வந்தது. அந்தப் பாலம் முழுக்கப் படிகள்தான். இல்லையென்றால் சிக்னல் வரை நடந்து, கடந்து, அதே தூரம் திரும்ப நடக்க வேண்டும். அந்த நடையில் தாங்கியின் தோல்வார் தொடையை அறுத்தது. கடைக்குப் போய்ச் சேரும்போது மிஷின் மிதிக்கக் காலில் தெம்பில்லை.

புண் பழுத்து ஒரு வாரம் வீட்டில் கிடந்தபோது, விழிஞ்ஞம் துறைமுகத்தில் வேலை பார்க்கும் மகன் பினு பேச்சை எடுத்தான். கடையை விட்டுவிடலாம், முன்னறையில் மிஷினைப் போட்டுத் தருகிறேன், பிளவுஸ் தைத்தால் போதும் என்றான். அவன் சொன்னதில் அன்புதான் இருந்தது. அதனால்தான் அவளுக்குக் கோபம் அதிகமாக வந்தது.

"எனக்க கடைய நான் விடணும்னா எனக்கே தோணணும் மக்களே," என்றாள். "ஒரு கம்பிக்குத் தோணிச்சுன்னு விடமாட்டேன்."

புண் ஆறி அவள் திரும்பி வந்த அன்று நகரத்தில் பெரிய ஊர்வலம். பஸ்ஸிலிருந்து இறங்கியவள் அப்படியே நின்றுவிட்டாள். வேலியின் நடுவே ஒரு துண்டைக் காணவில்லை. அதைக் கழற்றி ஓரமாகச் சாய்த்து வைத்திருந்தார்கள். அந்த இடைவெளி வழியாகத் தண்ணீர் வண்டி மெல்லத் திரும்பி எதிர்ப்பக்கம் போய்க்கொண்டிருந்தது. பின்னாலேயே அவளும் போனாள்.

மறுநாள் வேலி பழையபடி மூடியிருந்தது. எலிசாள் அருகில் போய்த் தடவிப் பார்த்தாள். மற்றத் துண்டுகள் பற்றவைக்கப்பட்டவை. இந்த ஒரு துண்டு மட்டும் இரண்டு இரும்பு ஊசிகளில் மாட்டி, பூட்டுப் போட்டிருந்தது. பஸ் ஸ்டாப்பில் லாட்டரி விற்கும் அம்மிணியிடம் விசாரித்தாள். ஊர்வலம் என்றால் வண்டி தடுப்புக்குப் பின்னால் போய்ச் சேர வேண்டும். சிக்னலைச் சுற்றிப் போனால் நகரமே நின்றுவிடும். அதற்காகப் போன வாரம் புதிதாக விட்ட வாசல் அது என்றாள் அம்மிணி. சாவி போலீஸிடம். ஊர்வலம் இருந்தால் திறப்பார்கள், முடிந்தால் மூடுவார்கள்.

"அப்ப மார்ச் இருந்தாத்தான் திறக்கும்," என்றாள் எலிசாள், தனக்குத்தானே சொல்வதுபோல.

அன்று மாலையே ஸ்டேஷனுக்குப் போய் ஊர்வல அறிவிப்பு கொடுத்தாள். எங்கே தொடங்கும்: பஸ் ஸ்டாப்பில். எங்கே முடியும்: கொடிக்கடையில். கோரிக்கை: கோடு போட்ட இடத்தில் வழி. கலந்துகொள்வோர்: ஒன்று. வாங்கிய போலீஸ்காரர் நகலில் முத்திரை குத்திக் கொடுத்துவிட்டுத் தாளை மேலே அனுப்பினார். மேலே இருந்தவர்கள் அந்த ஒன்றை ஆயிரம் என்று எடுத்துக்கொண்டார்கள். அவர்களையும் குற்றம் சொல்ல முடியாது. ஒரே ஆள் ஊர்வலம் போவார் என்று இந்த நகரத்தில் யாருக்குத் தோன்றும்?

மறுநாள் காலையில் எலிசாள் பஸ்ஸிலிருந்து இறங்கியபோது தடுப்புகள் கயிறு கட்டித் தயாராக நின்றன. தண்ணீர் வண்டி வந்திருந்தது. ஆம்புலன்ஸும் வந்திருந்தது. தலைக்கவசம் போட்ட போலீஸ்காரர்கள் வரிசையாக நின்று பாளையம் திசையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வேலி திறந்திருந்தது. அவள் பையிலிருந்து தன் கொடியை எடுத்து, கையோடு கொண்டுவந்த பிளாஸ்டிக் குழாயில் மாட்டினாள். எந்தக் கட்சியையும் சேராத கருப்பு வெள்ளைப் பட்டைகள், சாலைக்கோடு மாதிரி.

எஸ்.ஐ. அஜீஷ் வியர்வையைத் துடைத்தபடி அவளிடம் வந்து, "சேச்சி, மார்ச் எவிடே?" என்று கேட்டார்.

"நான்தான் சாறே மார்ச்."

"பாக்கி ஆள்?"

"அதில எழுதியிருக்குல்லா. ஒண்ணு."

அஜீஷ் தாளை வாங்கிப் படித்தார். திருப்பியும் படித்தார். ஒரு ஆள் போனால் அது ஊர்வலமாகாது என்றார். அப்படியானால் எத்தனை பேர் வேண்டும், இரண்டா மூன்றா, சொன்னால் கூட்டி வருகிறேன் என்றாள் அவள். அவர் வயர்லெஸ்ஸில் கேட்டார். வயர்லெஸ்ஸுக்கும் தெரியவில்லை.

முழக்கத்திலும் ஒரு சிக்கல் இருந்தது. முழக்கம் என்பது பாதிதான் முன்னால் போகிறவருடையது. மறுபாதியைப் பின்னால் வருகிறவர்கள் சொல்ல வேண்டும். எலிசாள் கொடியைத் தூக்கிப் பிடித்து, "போட்ட கோடு பொய்யா?" என்றாள். பின்னால் யாரும் இல்லை. ஆட்டோக்காரர்கள் சிரித்தார்கள். அவளே கழுத்தைத் திருப்பி, "நடக்கும் காலு பொய்யா?" என்று பதிலும் சொல்லிக்கொண்டாள். இரண்டு முறை அப்படி. மூன்றாவது முறை லாட்டரிக் கட்டை இடுப்பில் செருகிக்கொண்டு அம்மிணி பின்னால் வந்து சேர்ந்தாள். அவள் தொண்டை முன்பு மீன் சந்தையில் பழகிய தொண்டை. இருவருமாக இடைவெளியைக் கடந்தார்கள். தண்ணீர் வண்டி ஓட்டுநர் எஞ்சினை அணைத்துவிட்டு இறங்கி நின்று பார்த்தார்.

கடை வாசலில் எலிசாள் அஜீஷிடம் திரும்பினாள். சாயங்காலம் வீட்டுக்குப் போகவும் ஒரு மார்ச் உண்டு, நாளைக் காலையிலும் உண்டு, அறிவிப்பு எல்லாம் முத்திரையோடு இருக்கிறது என்றாள். நாளைக்கு வண்டி வராது என்றார் அஜீஷ். வராமல் ஏதாவது அசம்பாவிதம் நடந்தால் யார் பதில் சொல்வார்கள் என்று அவள் அக்கறையோடு விசாரித்தாள்.  மறுநாள் வண்டி வந்தது.

அதன்பின் நடந்ததை அவள் எதிர்பார்க்கவில்லை. காலை ஊர்வலம் எப்போது என்று பஸ் ஸ்டாப்பில் கேட்க ஆரம்பித்தார்கள். டயாலிசிஸுக்குக் கணவரை அழைத்துப் போகும் சாவித்ரி மாமி கோட்டைக்குள் அக்ரகாரத்திலிருந்து வந்து, "சித்த இருங்கோ, இவரையும் சேத்துண்டு போங்கோ," என்றாள். துணிக்கடைப் பெண்கள் வந்தார்கள். வெள்ளைக் கோலோடு ஒருவர் வந்து, கொடியின் நுனியைப் பிடித்துக்கொண்டு நடந்தார். முழக்கத்தின் மறுபாதி ஒவ்வொரு நாளும் கனத்தது.

ஒரு மதியம் அஜீஷ் கடைக்கு வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். நல்ல மனிதர், களைத்திருந்தார். ஒரு வழி சொன்னார். காலையிலும் மாலையிலும் அவள் வரும் நேரத்துக்குப் பூட்டை மட்டும் ஓசைப்படாமல் எடுத்துவிடச் சொல்கிறேன், அவள் கடந்ததும் போட்டுக்கொள்ளலாம், மார்ச்சை நிறுத்திவிட வேண்டும். யாருக்கும் தெரிய வேண்டாம்.

எலிசாள் மிஷினை நிறுத்தவில்லை. ஆறிய புண் இன்னும் வார் படும் இடத்தில் எரிந்துகொண்டுதான் இருந்தது. சரி என்று சொன்னால் நாளையிலிருந்து அவளுக்கு ஒரு பிரச்சினையும் இல்லை. தையலை முடித்து நூலைப் பல்லால் கடித்தாள்.

"எனக்கு மட்டும் திறந்தா அது வழி இல்ல சாறே, தயவு. அந்தக் கோடு எனக்க பேருல போட்டதா?"

அஜீஷ் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்து போனார். மறுநாள் சாவித்ரி மாமி, துணிக்கடைப் பெண்கள், வெள்ளைக் கோல்காரர் என்று எல்லாருக்கும் எலிசாள் ஆளுக்கொரு கொடி கொடுத்தாள். அறிவிப்பில் கலந்துகொள்வோர் என்ற இடத்தில் முதன்முறையாக, எண்ணவில்லை என்று எழுதினாள்.

அடுத்த திங்கட்கிழமை அவள் இறங்கியபோது வண்டியும் இல்லை, தடுப்பும் இல்லை. ஒரே ஒரு போலீஸ்காரர் கையைக் காட்டி வாகனங்களை நிறுத்திக்கொண்டிருந்தார். வேலித்துண்டை ஊசியோடு கழற்றிவிட்டிருந்தார்கள். அதை எங்கே கொண்டுபோவது என்று உத்தரவு வராததால், அவள் கடைச் சுவரிலேயே சாய்த்து வைத்திருந்தார்கள். ஜனங்கள் கோட்டின் மேல் பேசிக்கொண்டே கடந்து போனார்கள்.

எலிசாள் கொடியை எடுத்துக் குழாயில் மாட்டினாள். ஓரத்தில் நின்ற அஜீஷ் ஓடி வந்தார். வழிதான் கிடைத்துவிட்டதே, போராட்டத்தை வாபஸ் வாங்கக் கூடாதா, இன்னும் எதற்கு மார்ச் என்றார். அவர் குரலில் கெஞ்சல் இருந்தது.

"சமரம் பின்வலிச்சாச்சுன்னு தலைவர்தானே சாறே சொல்லணும்? நான் இன்னும் சொல்லல்ல," என்றாள். "கம்பி இன்னும் எனக்க கடை வாசல்லதான் நிக்கு. திரும்பப் போய் நிக்காதுன்னு என்ன நிச்சயம்?"

அம்மிணி பின்னால் வந்து சேர்ந்தாள். முழக்கம் எழுந்தது, மறுபாதி சாலையின் இரண்டு பக்கத்திலிருந்தும் வந்தது.

கடையைத் திறந்ததும் எலிசாள் முதல் வேலையாக, அலசி வைத்திருந்த கொடிகளை எடுத்து வந்து அந்த வேலித்துண்டின் மேல் உலரப் போட்டாள். நல்ல வெயில். அந்தக் கம்பியும் நல்ல உயரம்.