கழற்றாத மைக்

இருபத்திரண்டு வருடங்களில் பதினோரு பாடகர்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்த இயக்குநருக்கு முதுகுவலியைத் தவிர வேறெதுவும் மிஞ்சவில்லை. அந்தப் படங்களில் யாரும் பெரிதாகப் பொய் சொன்னதில்லை. உண்மை பேசியதும் இல்லை.

"உங்க படத்துல வர்றவங்க எல்லாரும் பிறக்கும்போதே தங்கமானவங்க" என்பாள் மனைவி. அவள்தான் எடிட்டர். படுக்கையறை மூலையில் உட்கார்ந்து புகழுரைகளை வெட்டி ஒட்டி அவளுக்கும் அலுத்துப்போய்விட்டது.

சேனல்காரர்கள் கறாராகச் சொல்லிவிட்டார்கள். பன்னிரண்டாவது படமும் இப்படி வழவழவென்று வந்தால் அதுதான் கடைசி.

பன்னிரண்டாவது ஆள் ஒரு பெரிய பாடகி. ரசிகர்கள் எல்லோருக்கும் அவர் 'அக்கா'. அவருடைய கச்சேரி ஒத்திகையைப் படம்பிடித்த மூன்றாம் நாள், காலரில் குத்திய மைக்கைக் கழற்றாமலேயே மேக்கப் அறைக்குள் போய்விட்டார். காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றப்போன இயக்குநரின் கை பாதியில் நின்றது.

"ரெண்டு வருஷமா எனக்கு மேல்ஸ்தாயிக்குக் குரல் ஏறவே இல்லம்மா" என்று மேக்கப் பெண்ணிடம் சொல்லிக்கொண்டிருந்தார் பாடகி. "மேடையில நான் வாயை மட்டும்தான் அசைக்கிறேன். பின்வரிசையில நின்னு பாடுறது என் தங்கச்சி. கைதட்டல் எனக்கு, தொண்டைவலி அவளுக்கு."

இருபத்திரண்டு வருடத்தில் காதில் விழுந்த முதல் உண்மை! இது போதும், படம் பிழைத்துவிடும். இயக்குநரும் பிழைத்துக்கொள்வார். ஆனால் ஒரு பெண் மறதியில் விட்ட மைக்கை வைத்துப் பிழைப்பதா? மனுஷனுக்கு வெட்கமாக இருந்தது. மதியச் சாப்பாட்டு இடைவேளையில் அந்தப் பதிவை அழித்துவிட்டார்.

மனைவியிடம் சொன்னபோது அவள் தலையில் அடித்துக்கொண்டாள். "இவ்வளவு நல்லவரா இருக்காதீங்க. கட்டுப்படியாகாது."

ஒரு மாதம் கழித்து, எடிட் செய்த படத்தின் முதல் வடிவத்தைப் பார்க்க, பாடகி இயக்குநர் வீட்டுக்கு வந்தார். கூடவே தங்கையும் வந்திருந்தாள். படம் முடிந்ததும் மனைவி காபி போட உள்ளே போனாள், தங்கையும் உதவிக்குப் போனாள். பாடகி இயக்குநர் பக்கம் குனிந்து கேட்டார்.

"மேக்கப் ரூம்ல பேசினேனே, அது எங்க?"

"கவலைப்படாதீங்கக்கா. அன்னைக்கே அழிச்சிட்டேன்."

பாடகி அவரையே பார்த்தார். "நாப்பது வருஷமா மைக்கோட வாழறவ. அதைக் கழட்ட மறப்பேனா? கேமராவைப் பார்த்துச் சொல்லத் தைரியம் வரல. அதான் அப்படிச் சொன்னேன். ஊரறிய நான் ஒத்துக்கிட்டதைத் தங்கச்சி படத்துல கேட்கட்டும்னுதான் இன்னைக்கு அவளைக் கூட்டிட்டு வந்தேன்."

"இப்பவே சொல்லுங்கக்கா, ஒரே நிமிஷம்" என்று இயக்குநர் எழுந்து ஓடிப்போய்க் கேமராவை எடுத்துவந்து வைத்தார். சிவப்பு விளக்கு எரிந்தது. பாடகி நிமிர்ந்து உட்கார்ந்தார், தொண்டையைச் செருமினார்.

"என் குரல் இன்னும் அப்படியே இருக்கு. எல்லாம் ரசிகர்களோட அன்பு."

காபித் தட்டோடு வந்த தங்கை, பேச்சு பதிவாகட்டும் என்று சத்தம் போடாமல் வாசலிலேயே நின்றாள்.