அரை அடி பின்னால்

அன்றைக்கு மத்தியானம் தேவசிகாமணி வீட்டு மச்சில் இருந்தவர்கள்: ஆற்றோர மில்லின் ஸ்போர்ட்ஸ் ஆபீசரும் அந்த வீட்டுக்காரருமான தேவசிகாமணி, மில் கூடைப்பந்து டீமின் கேப்டனான மேலப்பாளையம் ஹாஜா, மில்லில் வேலைக்கு ஆள் எடுக்கும் பிரிவின் எழுத்தர் குற்றாலலிங்கம், இவர்களைப் பார்க்க வந்த எஸ்றா. ஐந்தாவதாக, தட்டில் ஒரு முழுப் பொரித்த கோழி. அங்கே ஒளிவுமறைவில்லாமல் கிடந்தது அது ஒன்றுதான்.

எஸ்றா பாளையங்கோட்டைக்காரன். முப்பத்து மூன்று வயது, ஆறடி நான்கு அங்குலம். சொந்த ஊருக்கே விருந்தாளியாக வந்திருந்தான், கோயம்புத்தூர் மில் ஒன்றின் டீமோடு, தொண்ணூற்றேழாம் வருடத்துக் கோடைப் போட்டிக்கு. அந்தக் கோயம்புத்தூர் மில் படுத்துவிட்டது. இதுதான் கடைசிப் போட்டி, திரும்பி வந்ததும் டீமைக் கலைக்கிறோம் என்று சொல்லியேதான் பஸ் ஏற்றி விட்டிருந்தார்கள். மறுநாள் சாயங்காலம் இறுதி ஆட்டம். எதிரே நிற்கப்போவது தேவசிகாமணியின் டீம்.

"சாப்பிடும் வே," என்றார் தேவசிகாமணி. "கோழிய மொறச்சுக்கிட்டே இருந்தா அது எந்திரிச்சா ஓடப்போவுது?"

எஸ்றா ஒரு துண்டைப் பிய்த்தான்.

"விசயம் இதான். மில்லுல ஒரே ஒரு போஸ்ட்டு விழுந்திருக்கு. ஸ்போர்ட்ஸ் கோட்டா. பெர்மனென்ட்டு. உமக்கு வயசுதான் இடிக்கி. ஆனா டைரக்டர் ஐயா நெனச்சா அதத் தளத்தலாம். என்ன குத்தாலம்?"

"தாராளமா. ரூல்ல எடம் இருக்கு. அவுக கையெழுத்துப் போட்டா யாரு கேக்கப் போறா?"

"நாளைக்கு ஐயா ஆட்டம் பாக்க வாராவ. மூணு வருசமா வெளியூர்க்காரன் கப்பத் தூக்கிட்டுப் போறான்னு அவுகளுக்கு ஒரு கொற. இந்தத் தடவ கப்பு நம்மூர்லயே இருந்துச்சுன்னா மனசு குளுந்துரும். மனசு குளுந்த நேரத்துல நான் உம்ம பேரச் சொல்லுவேன்." தேவசிகாமணி எலும்பைக் கடித்தார். "நீரும் நம்மூருதான வே?"

ஹாஜா தன் கைவிரல்களையே பார்த்துக்கொண்டிருந்தான். குற்றாலலிங்கம் தண்ணீர் குடித்தார். தோற்றுவிடு என்று யாரும் சொல்லவில்லை. அப்படிச் சொல்லியிருந்தால் எஸ்றா எழுந்து போயிருப்பானோ என்னவோ. சொல்லாததால் கையைக் கழுவிவிட்டு, "பாக்கேன் சார்," என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கினான்.

பந்து விளையாடிப் பிழைக்கிறேன் என்றால் ஊரில் சிரிப்பார்கள். சிரிப்பதும் நியாயம்தான். இங்கே விளையாட்டுக்கென்று யாரும் சம்பளம் தருவதில்லை. வேலை தருவார்கள், வேலை செய்ய வேண்டாம், விளையாடு என்பார்கள். கால் போன பிறகு அந்த வேலையைச் செய்து ஓய்வு பெறலாம். எஸ்றாவுக்கு அந்த வேலைதான் கிடைக்கவே இல்லை. சென்னையில் ஒரு வங்கி ஸ்டைபெண்ட் கொடுத்து வைத்திருந்தது. அடுத்த வருடம் பெர்மனென்ட் என்றார்கள். அடுத்த வருடம் கேரளத்திலிருந்து அவனைவிட உயரமாக ஒருவன் வந்தான். பெங்களூர்த் தொழிற்சாலையில் கோச் மாறினார். புதுக் கோச் தன் ஆட்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். ஹைதராபாத்தில் எல்லாம் கூடிவந்த நேரத்தில் கணுக்கால் முறிந்தது. அதன் பிறகு கோயம்புத்தூர். இடைப்பட்ட நாட்களில் கெஸ்ட் பிளேயர். யார் கூப்பிட்டாலும் போவான். போட்டி நடக்கும்வரை சோறு, படுக்க ஒரு பள்ளிக்கூட வகுப்பறை, முடிந்தால் பஸ்ஸுக்குக் காசு. ஒரே கோடையில் நான்கு ஊர்ப் பனியன் போட்டு விளையாடியிருக்கிறான். போன வாரம் தோளில் கை போட்டவனை இந்த வாரம் முழங்கையால் இடித்திருக்கிறான். யாரும் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை. அவர்களுக்கும் அதே பிழைப்பு.

அவன் அதிகம் கூடை போடுகிறவன் அல்ல. போட வைக்கிறவன். பந்தோடு ஓடுகிற தன் ஆளை எதிராளி துரத்தினால், குறுக்கே போய்ச் சுவர் மாதிரி நிற்பான். ஸ்கிரீன் என்பார்கள். துரத்துகிறவன் அவன் மார்பில் மோதி நிற்பான், நம் ஆள் நிதானமாகக் கூடை போடுவான். கைதட்டல் அவனுக்கு. மறுநாள் பேப்பரிலும் அவன் பெயர்தான். எஸ்றாவின் விலா எலும்பில் இருந்ததெல்லாம் மற்றவர்களின் கைதட்டல்.

அந்தச் சாயங்காலம் மாமனார் வீட்டுக்குப் போனான். மனைவி ஃபெபியும் மகளும் அங்கேதான் இருந்தார்கள். ஃபெபி பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர். குடும்பம் ஓடுவது அவள் சம்பளத்தில். மாமனார் நேசையா ரிட்டயர் ஆன தலைமையாசிரியர். மருமகனைப் பார்த்ததும் மூக்குக் கண்ணாடியை இறக்கினார்.

"வாங்க மாப்ள. இப்ப எந்தப் பனியன்?"

"அதே கோயம்புத்தூர்தான் மாமா."

"பரவால்லயே. ஒரே பனியன ரெண்டாவது தடவயா தொவச்சிட்டீங்க."

ஃபெபி உள்ளேயிருந்து வந்து காப்பி வைத்தாள். அவள் சண்டை போடுவதை நிறுத்திச் சில வருடங்கள் ஆகியிருந்தன. சண்டை போட்டபோது எஸ்றாவுக்கு அவளிடம் பேச எளிதாக இருந்தது.

"டீமக் கலைச்சதுக்கு அப்புறம் என்ன?" என்றாள்.

"இங்கனயே ஒண்ணு வரும்போல இருக்கு. ஆத்தோர மில்லுல. பெர்மனென்ட்டு."

அவள் அவன் முகத்தையே பார்த்தாள். இந்த வார்த்தையைப் பல ஊர்களின் பெயரோடு சேர்த்துக் கேட்டிருக்கிறாள். வீட்டிலிருந்து தச்சநல்லூர் பஸ்ஸில் போய் வரும் தூரத்தில் கேட்பது இதுதான் முதல் தடவை.

"நெசமாவா?"

"நாளைக்குத் தெரியும்."

"அப்ப நாளைக்கு நாங்களும் வாரோம். கல்யாணத்துக்கு அப்புறம் நீங்க வெளாடி நான் பாத்ததே இல்ல. அப்பா, நீங்களும் வாங்க."

வேண்டாம் என்று சொல்ல எஸ்றா வாயைத் திறந்தான். காப்பியைக் குடித்தான்.

இறுதி ஆட்டத்துக்குச் சவுக்குக் கம்பு கட்டிய கேலரி நிறைந்து வழிந்தது. சிமெண்டுத் தரையில் பகல் வெக்கை அப்படியே இருந்தது. டைரக்டர் வந்து முன்வரிசை மெத்தை நாற்காலியில் உட்கார்ந்தார். பக்கத்தில் தேவசிகாமணி குனிந்து குனிந்து ஏதோ விளக்கிக்கொண்டிருந்தார். எதிர்க் கேலரியின் இரண்டாவது படியில் ஃபெபி, மடியில் மகள், பக்கத்தில் குடையோடு நேசையா.

முதல் பாதியில் பதினொன்றாம் நம்பர் பனியனில் எஸ்றா ஒழுங்காக விளையாடினான். கோயம்புத்தூர் முன்னால் இருந்தது. ஹரிநாராயணன் என்ற பையன்தான் கூடைகளைப் போட்டுக்கொண்டிருந்தான். கல்லிடைக்குறிச்சிக்காரன், இருபத்தோரு வயது. கோயம்புத்தூருக்குப் படிக்கப் போன இடத்தில் மில் டீமில் சேர்ந்தவன். எஸ்றா ஸ்கிரீன் போட்டு நிற்பான், பையன் அவன் தோளை உரசிக்கொண்டு வெளியே வந்து எறிவான், பந்து வலையில் சத்தமில்லாமல் விழும்.

இரண்டாம் பாதியில் எஸ்றா தாமதமாகத் தொடங்கினான். அதிகம் இல்லை, அரை அடி. பந்தை விடவில்லை, தப்பாக எறியவில்லை, அதெல்லாம் கற்றுக்குட்டிகள் செய்வது. நிற்க வேண்டிய இடத்துக்கு அரை அடி பின்னால் நின்றான், அவ்வளவுதான். ஹாஜா ஸ்கிரீனில் மோதாமல் இடுக்கில் நழுவிப் போய்ப் பையன்மேல் விழுந்தான். ஹாஜா பந்தோடு வந்தபோது எஸ்றா திரும்பி முடிப்பதற்குள் கடந்து போயிருந்தான். பன்னிரண்டு வருடம் எந்த இடத்தில் நிற்க வேண்டும் என்று படித்தவனுக்கு எந்த இடத்தில் நிற்கக் கூடாது என்பதும் அத்துப்படி.

"அண்ணா, ஸ்கிரீன்!" என்று கத்தினான் ஹரிநாராயணன். மறுபடியும் கத்தினான். அப்புறம் கத்துவதை விட்டுவிட்டான்.

கேலரிக்கும் கண் இருந்தது.

"ஏலே பதினொண்ணு! தூங்குதியா?"

"கோயில் தூணு மாதிரி நிக்கான்லே!"

"தூணாச்சும் இடிக்கும். இவன் வழில்லா விடுதான்!"

சிரிப்பு கேலரியைச் சுற்றி வந்தது. எஸ்றா ஃபெபி இருந்த பக்கம் பார்க்கவில்லை. நேசையாவின் குடை மட்டும் ஓரக்கண்ணில் தெரிந்தது.

ஆட்டம் கை மாறியது. ஆனால் அவன் எதிர்பாராத ஒன்றும் நடந்தது. பையன் தனியாக விளையாட ஆரம்பித்தான். ஸ்கிரீன் இல்லை என்று தெரிந்ததும் இரண்டு பேருக்கு நடுவில் புகுந்தான், விழுந்தான், முழங்கை ரத்தத்தைப் பனியனில் துடைத்துவிட்டு எழுந்தான், மறுபடி புகுந்தான். வெளியூர் டீமுக்கு வாய் திறக்காத பாளையங்கோட்டைக் கேலரி அவனுக்குக் கைதட்டியது. எஸ்றா பின்வாங்கிய ஒவ்வொரு அரை அடிக்கும் பையன் ஒரு அடி உயர்ந்துகொண்டிருந்தான். எஸ்றாவுக்கு அது புரிந்தபோது விசில் ஊதிவிட்டார்கள். கோயம்புத்தூர் இரண்டே புள்ளியில் தோற்றது.

டைரக்டர் கப்பை வாங்கினார், வேட்டு போட்டார்கள். கூட்டம் கலைந்த பிறகு ஃபெபி கேலரிப் படிக்குக் கீழே நின்றுகொண்டிருந்தாள். மகள் அவள் தோளில் தூங்கிவிட்டிருந்தாள். நேசையா முன்னாலேயே நடந்துவிட்டார். கேலி செய்ய வராத அளவுக்கு அவருக்கே சங்கடமாக இருந்திருக்க வேண்டும்.

"எல்லா ஊர்லயும் இப்படித்தான் வெளாடுனீங்களா?" என்றாள் ஃபெபி.

அவள் குத்திக்காட்டவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

"இன்னைக்கு ஒரு நாள்தான்..." என்று தொடங்கினான்.

"சின்னப் பயலுவல்லாம் சிரிக்கானுவ. இதுக்காகவா இத்தன வருசம் நான் தனியாக் கெடந்தேன்? நல்லா வெளாடுவீங்கன்னாவது நெனச்சிக்கிட்டு இருந்தேன்."

காரணத்தைச் சொன்னால் அவள் அதைவிட மட்டமாக நினைப்பாள். சொல்லாவிட்டால் இப்போது நினைப்பதையே நினைப்பாள். எஸ்றா இரண்டையும் எடை போட்டுப் பார்த்துவிட்டுப் பேசாமல் இருந்தான். வேலை கையில் வரட்டும். பெர்மனென்ட் ஆனவன் பொண்டாட்டியிடம் எதையும் நின்று நிதானமாகச் சொல்லிக்கொள்ளலாம்.

மறுநாள் காலையில் டீம் கோயம்புத்தூர் பஸ் ஏறியது. எஸ்றா தச்சநல்லூர் தாண்டி மில்லுக்குப் போனான். தேவசிகாமணியின் அறையில் கப்பு மேஜைமேல் இருந்தது. குற்றாலலிங்கம் அதில் மாலை சரிசெய்துகொண்டிருந்தார்.

"என்ன வே, இவ்வளவு வெள்ளன?"

"வரச் சொன்னீங்கள்லா சார்."

"வரச் சொன்னேனா?" தேவசிகாமணி நாற்காலியில் சாய்ந்தார். "இரும். ஐயாட்ட உம்ம பேரச் சொன்னேன் வே. கர்த்தர் சத்தியமாச் சொன்னேன். 'யாரு, அந்தப் பதினொண்ணா? அவனத் தாங்கிப் பிடிச்சு நிக்க வைக்கவே ரெண்டு ஆளு வேணும்போல இருக்கே'ன்னாரு. அந்த ஐயரு பையனத்தான் வேணும்னுட்டாரு. 'தோக்கப் போறோம்னு தெரிஞ்சும் தனியாளா நின்னு மல்லுக்கட்டுதான் பாரு, அவன்தான் நம்ம மில்லுக்கு ஆளு'ன்னுட்டாரு. ராத்திரியே கூப்பிட்டுப் பேசி முடிச்சாச்சு. இருக்கது ஒரு போஸ்ட்டு. நான் என்ன செய்ய?"

எஸ்றா நின்றுகொண்டே இருந்தான். "நான் ஏன் அப்படி நின்னேன்னு உங்களுக்குத் தெரியும்."

"என்ன தெரியும்? நான் தோக்கச் சொன்னேனா? ஏ குத்தாலம், நீரும்தான இருந்தீரு. அப்படி ஒரு வார்த்த என் வாயில வந்துச்சா?"

"வரல சார்," என்றார் குற்றாலலிங்கம் மாலையைப் பார்த்தபடி.

"கப்பு இங்கன இருந்தா நல்லதுன்னேன். ஊர்ப் பாசத்துல சொன்னேன். நீரு நல்லா வெளாடி நாங்க ஜெயிக்கக் கூடாதுன்னா சொன்னேன்?"

அப்படி நடக்க வழியே இல்லை என்பது எஸ்றாவுக்குத் தெரியும். அவன் நன்றாக விளையாடியிருந்தால் அந்தக் கப்பு இப்போது கோயம்புத்தூர் பஸ்ஸில் போய்க்கொண்டிருக்கும். தேவசிகாமணிக்கும் அது தெரியும். இரண்டு பேருக்கும் தெரிந்த ஒன்றை வைத்து எந்த மில்லிலும் வேலை வாங்க முடியாது.

"வேற எதுவும் இருந்தா சொல்லுங்க சார்," என்றான். சொல்லும்போதே தன் குரல் அவனுக்கு அருவருப்பாக இருந்தது.

"சொல்லி அனுப்புதேன். பையப் போயிட்டு வாரும்."

மில்லின் பெரிய கேட்டை லாரிக்கு மட்டும்தான் திறப்பார்கள். ஆட்கள் போக வர அதிலேயே ஒரு சின்னத் திட்டிவாசல். காவலாளி அதைத் திறந்தபோது வெளியே ஹரிநாராயணன் நின்றிருந்தான். நெற்றியில் விபூதி, இஸ்திரி போட்ட சட்டை, முழங்கையில் பிளாஸ்திரி. எஸ்றாவைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"அண்ணா! உங்களையும் கூப்ட்டுட்டாளா? நன்னாப் போச்சு. நீங்க இல்லாம எப்படி ஆடப்போறேன்னு ராத்திரியெல்லாம் யோசனை."

எஸ்றா அவன் முழங்கைப் பிளாஸ்திரியைப் பார்த்தான்.

"நேத்து முட்டி வலின்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கப்படாதா? நான் பாட்டுக்குக் கத்திண்டே இருந்துட்டேன். மன்னிச்சுக்கோங்கோ."

"ஆமா, முட்டிதான்," என்றான் எஸ்றா. "பரவால்ல. உள்ள போ. சார் காத்துக்கிட்டு இருக்காரு."

"நீங்க வரலையா?"

"நான் பாத்துட்டேன்."

பையன் குனியாமலே உள்ளே நுழைந்து தலையில் இடித்துக்கொண்டான். சிரித்தபடி தலையைத் தடவிக்கொண்டே ஆபீஸ் பக்கம் ஓடினான். எஸ்றா உடம்பை மடித்து, ஒரு காலை வெளியே வைத்து, பிறகு தலையை எடுத்து, பிறகு அடுத்த காலை எடுத்தான். அவன் முழுதாக நிமிர்வதற்குள் காவலாளி திட்டிவாசலை இழுத்துச் சாத்தி, உள்ளேயிருந்து பூட்டினான்.