பொம்மைக்குக் கொடுத்த குரல்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். ஒரு பத்திரிகை என்னிடம் கேட்டது கட்டுரைதான்: கொலைகாரப் பொம்மைப் படங்களுக்கு இன்னும் ஏன் கூட்டம் குறையவில்லை? ‘மனித மனத்தின் ஆழத்தில்’ என்று தொடங்கினேன். அதற்குமேல் பேனா நகரவில்லை. பொம்மை ஒரு முழ உயரம். எட்டி உதைத்தால் கட்டிலுக்கடியில் போய் விழும். அதைப் பார்த்து ஆறடி ஆள் அலறுகிறான். நாமும் டிக்கெட் எடுத்துப்போய் அலறுகிறோம்.

ஆகவே மாடி வீட்டுக் குரல்காரியைப் பிடித்தேன். அப்படிப்பட்ட ஐந்து படங்களில் பொம்மைக்கு டப்பிங் பேசியவள்.

2

(முதல் வரைவில் இங்கே மழை பெய்தது. அடித்துவிட்டேன்.)

ஐந்தாவது படத்தில் கீச்சுக்குரல் எடுபடவில்லை. "மிரட்டாதீங்க மேடம். ஆசையா கூப்பிடுங்க, அப்பதான் வயித்தைக் கலக்கும்" என்றார் இயக்குநர். ஆசையாக என்றதும் அவள் வாயில் ஒரே வாக்கியம்தான் வந்தது: "தங்கக்கட்டி, எங்கிட்ட வா." முதல் டேக்கிலேயே ஓகே.

ஏழு வயது மகளைத் தினமும் அவள் அப்படித்தான் கூப்பிடுவாள். சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்வது என்பார்களே, அதுதான். மகள் தோழி வீட்டில் படத்தைப் பார்த்துவிட்டாள்.

3

நான்கு நாள் மகள் அம்மா பக்கமே வரவில்லை. தலை பின்னிக்கொள்ள அப்பாவிடம் போனாள். அவர் பின்னிய பின்னலைப் பார்த்தால் பொம்மையே பயந்துவிடும்.*

குரல்காரி கட்டைக்குரலில் கூப்பிட்டாள், மூக்கால் கூப்பிட்டாள். "அதுக்கு எல்லாக் குரலும் வரும்" என்றாள் மகள், சாப்பாட்டு மேசைக்கடியிலிருந்து.

அன்று குரல்காரி சமையலறையில் நின்று அழுதாள். இந்த இடத்தில் எனக்கு வேடிக்கை வரவில்லை. பெற்ற பிள்ளை தன் குரலுக்கே நடுங்கினால் யாரால்தான் தாங்க முடியும்?

* அவர் இதைப் படிப்பார். படிக்கட்டும்.

4

முடிவு அ: பொம்மைக்கு நிஜமாகவே உயிர் வருகிறது. (பத்திரிகைக்குப் பிடிக்கும். குரல்காரி என்னோடு பேசமாட்டாள்.)

முடிவு ஆ: தாய் மகளை ஒலிப்பதிவு அறைக்குக் கூட்டிப்போய் மைக்கைக் காட்ட, பயமெல்லாம் சூரியனைக் கண்ட... சே.

5

நடந்தது வேறு. ஐந்தாம் நாள் மாலை குரல்காரி துணி மடித்துக்கொண்டிருந்தாள். கதவுக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது.

"தங்கக்கட்டி, எங்கிட்ட வா."

அச்சு அசல் பொம்மை. அந்த இழுப்புகூட அப்படியே. குரல்காரியின் கையிலிருந்த சட்டை நழுவியது.

மகள் தலையை மட்டும் நீட்டினாள். மேசைக்கடியில் உட்கார்ந்து பயிற்சி எடுத்திருக்கிறாள், கள்ளி. முகத்தில் அப்படியொரு பூரிப்பு.

"பயந்துட்டியா?"

"ஆமா."

"நெஜமாவா, நடிச்சியா?"

பத்திரிகைக்கு வேண்டிய விடை இங்கேதான் எங்கோ இருக்கிறது. பயப்படுவது பாதி ருசி என்றால், பயமுறுத்துவது மீதி.

குரல்காரி என்ன சொன்னாள் என்று எனக்குத் தெரியும். எழுதமாட்டேன். ‘நடிச்சேன்’ என்றால் விளையாட்டு முடிந்து மகள் இப்போதே மடிக்கு வந்துவிடுவாள். ‘நெஜமா’ என்றால் கதவுக்குப் பின்னால் ஓடிப்போய் இன்னொரு தடவை கூப்பிடுவாள்.

நான்கு நாளாகக் காலியாக இருக்கும் மடி அது. நீங்களே சொல்லுங்கள்.