மூன்று டப்பா விளையாட்டு

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்திரண்டில், பென்னாகரம் பக்கத்துப் பால்வாடியில் ஷகிலா டீச்சர் வைத்ததுதான் சட்டம். தன் கணிப்பு தப்பாகும் என்று அவர் கனவில்கூட நினைத்ததில்லை.

அவர் கண்டுபிடித்த விளையாட்டு ஒன்று உண்டு. பிள்ளைகள் சுவரைப் பார்த்து உட்கார வேண்டும். முதுகுக்குப் பின்னால் டீச்சர் சிவப்பு, பச்சை, வெள்ளை டப்பாக்களில் ஒன்றைக் குலுக்குவார். உள்ளே புளியங்கொட்டையா, கூழாங்கல்லா, கேழ்வரகா என்று சத்தத்தை வைத்தே கண்டுபிடித்து, முன்னால் குவித்திருக்கும் மூன்றில் அதை எடுத்துக் காட்ட வேண்டும். ஒவ்வொரு நிற டப்பாவிலும் என்றும் ஒரே பொருள்தான். நாலு வயது ராஜாமணி ஒருநாளும் தோற்றதில்லை.

அதனால்தான் அவள் அப்பா குப்புராஜ் வந்து, "போன வருசம் அம்மை போட்டதிலிருந்து கூப்பிட்டா திரும்பறதில்லீங்க டீச்சரம்மா. காதுல ஏதாச்சும் கோளாறுங்களா?" என்று கேட்டபோது டீச்சர் சிரித்துவிட்டார்.

"காதா? இங்க இருக்கறதுலயே அவ காதுதான் நல்ல காதுங்க. எல்லாம் கொழுப்பு. ரெண்டு போடுங்க, சரியாயிடும்."

குப்புராஜ் டீச்சர் சொன்னதைத் தட்டாத மனுசர். போட்டார். தினமும் போட்டார்.

ஒருநாள், பிள்ளைகள் பார்த்து உட்காரும் அந்தச் சுவரோரம் இருந்த பித்தளைத் தண்ணீர்க் குடத்தைப் பக்கத்து வீட்டுக் கல்யாணத்துக்கு இரவல் வாங்கிப் போனார்கள். டீச்சரே புளி போட்டுத் தேய்த்து, முகம் பார்க்கிற மாதிரி வைத்திருந்த குடம். அன்று ராஜாமணி ஏழு தடவை எடுத்தாள், ஏழும் தப்பு. அவள் கண் குடம் இருந்த வெற்றிடத்தையே தேடியது.

அப்போதுதான் டீச்சருக்கு விளங்கியது. எந்த நிற டப்பாவைத் தூக்குகிறார் என்று பிள்ளை இத்தனை நாளும் குடத்தில் பார்த்திருக்கிறாள். பின்னால் நின்று, "ராஜாமணி" என்று உரக்கக் கூப்பிட்டார். மற்ற பிள்ளைகள் எல்லாரும் திரும்பினார்கள்.

வேறு யாராவது என்றால் மூடி மறைத்திருப்பார்கள். ஷகிலா பிள்ளையை இடுப்பில் தூக்கிக்கொண்டு நேரே குப்புராஜின் கடலைக்காட்டுக்கு நடந்தார்.

"இவளுக்குக் காது கேக்கலீங்க. தப்பு என்னுது. நான் சொல்லித்தான் நீங்க அடிச்சீங்க. திங்கக்கிழமை தர்மபுரி பெரியாஸ்பத்திரிக்கு நானே கூட்டிட்டுப் போறேன். இனிமே முன்னாடி வந்து நின்னு பேசுங்க."

"காத்தால கூட அடிச்சேனுங்களே" என்றார் குப்புராஜ். டீச்சர் இறக்கிவிட, அவர் சேலையைப் பிடித்து நின்ற மகளுக்கு எதிரே மண்ணில் மண்டியிட்டுக் கையை நீட்டினார். ராஜாமணி சட்டென்று இரண்டு கைகளாலும் தலையை மூடிக்கொண்டாள்.

அவர் கையைக் கீழே இறக்கினார். "வா கண்ணு" என்றார், மெதுவாக, வாயை நன்றாகத் திறந்து. மறுபடியும் சொன்னார். அவள் அந்த வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு டீச்சரின் சேலையை விட்டுவிட்டு அப்பாவிடம் நடந்தாள்.