பார்க்காமல் எழுதிய மட்டம்

அணுமின் நிலையத்தில் அவனுக்கு முத்தெழுத்து என்று பட்டப்பெயர். அவன் பதிவேட்டில் அடித்தல் திருத்தல் இருக்காது. எப்படி இருக்கும்? பாதி அளவுகளை அவன் போய்ப் பார்த்ததே இல்லை.

உலை கட்டுமீறிச் சூடானால் குளிர்விக்க அவசரத் தண்ணீர்த் தொட்டி ஒன்று இருந்தது. மணிக்கொரு தரம் அதன் மட்டத்தைப் பார்த்து எழுத வேண்டும். பாதுகாப்பு உடை மாட்டி, நூற்றுப் பன்னிரண்டு படி ஏறி இறங்கி, உடையைக் கழற்றிக் குளித்துவிட்டு வந்து உட்கார்ந்தால் அடுத்த மணி ஆகிவிடும். அதனால் எல்லோரும் முந்தைய ஷிப்டுக்காரன் எழுதியதையே காப்பியடித்தார்கள். இவன் மட்டும் அறுபத்திரண்டு, அறுபத்தொன்று, மறுபடி அறுபத்திரண்டு என்று ஏற்ற இறக்கம் வைத்தான். பொய் சொன்னாலும் பொருந்தச் சொல்கிறோம் என்று அதில் ஒரு பெருமை வேறு.

உலை வெடித்து ஏழு மாதம் கழித்து விசாரணை நடந்தது. முன்வரிசையில் அவன் அக்கா உட்கார்ந்திருந்தாள். அவனோடு வேலை பார்த்த அவள் கணவர்தான் அன்று தொட்டியின் வால்வைத் திறக்கப் போனவர். கதிர்வீச்சு பட்டுப் பதினெட்டாம் நாள் இறந்துபோனார். வால்வைத் தப்பாகத் திருப்பிவிட்டார் என்று ஊரே பேசியது. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

விசாரணை அதிகாரி பதிவேட்டைப் புரட்டினார். "ரொம்பத் தெளிவா எழுதியிருக்கீங்க. தொட்டியில தண்ணி இருந்திருக்கு, ஆனா உலைக்கு வரல. அப்போ திறந்தவர் மேலதான் தப்பு. சரிதானே?"

தலையை ஆட்டினால் போதும், வேலையும் மானமும் தப்பிக்கும். செத்தவர் எழுந்து வந்து மறுக்கவா போகிறார்? இப்படி ஒரு நினைப்பு தனக்கு வந்ததே என்று அவனுக்கு உடம்பெல்லாம் கூசியது. அக்கா பக்கம் திரும்பாமல் சொன்னான்.

"நான் பார்க்கல சார். அந்த மாசம் முழுக்க யாருமே போய்ப் பார்க்கல. தொட்டி என்னைக்குக் காலியாச்சுன்னே தெரியாது. அதுல இருக்கிற நம்பரெல்லாம் நானா எழுதினது."

சொன்னால் பாரம் இறங்கும் என்று நினைத்திருந்தான். இறங்கவில்லை. இடைவேளையில் அக்கா அவனை நடைபாதையில் நிறுத்தினாள்.

"அப்போ அவர் சரியாத்தான் திறந்திருக்காரு."

"ஆமாக்கா."

"தண்ணி வரலேன்னதும் ஓடி வந்திருக்கலாமே. பதினோரு நிமிஷம் ஏன் அங்கேயே நின்னாரு?"

அதிகாரிக்குத் தோன்றாத கேள்வி அது.

"உள்ள இருந்து எனக்கு போன் பண்ணாருக்கா. தண்ணி நிஜமாவே இருக்கான்னு கேட்டாரு."

"நீ என்ன சொன்ன?"

"இருக்கு அத்தான், வால்வுதான் இறுகியிருக்கும், விடாம திருப்புங்கன்னு சொன்னேன்."

அக்கா அழவில்லை, அடிக்கவும் இல்லை. புடவைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு மண்டபத்தின் கதவைத் திறந்து பிடித்தாள்.

"உள்ள போ. இதையும் சொல்லு."