நடக்காத கூட்டத்தின் குறிப்பு

கோயில் அறக்கட்டளைச் செயலாளருக்கு ‘மினிட்ஸ்’ என்று பட்டப்பெயர். கூட்டத்துக்கு முந்தின நாளே கூட்டக் குறிப்பை எழுதி முடித்துவிடுகிற மகா கெட்டிக்காரர். யார் முன்மொழிந்தார், யார் வழிமொழிந்தார், எல்லாம் அச்சடித்தாற்போல் தயாராக இருக்கும். வருகிறவர்கள் கையெழுத்துப் போட்டால் போதும். இருபது வருஷத்தில் ஒரு அடித்தல் திருத்தல் கிடையாது என்று போகிற இடமெல்லாம் பீற்றிக்கொள்வார்.

அந்தப் பவிசுதான் இன்று அவரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றியிருந்தது. எதிர்ப்பக்கம் நின்ற மூத்த அறங்காவலர் வேறு யாருமில்லை, அவருடைய அக்கா புருஷன். அவர் ‘நேரில் வந்து, தன் விருப்பத்தின் பேரில் விலகினார்’ என்றது குறிப்பேடு. அந்தப் பக்கமே போகவில்லை என்று அத்தான் வழக்குப் போட்டிருந்தார்.

உண்மையில் அன்று கூட்டமே நடக்கவில்லை. விலகுவதற்கு அத்தான் போனில் ஒப்புக்கொண்டுவிட்டார் என்று அறக்கட்டளைத் தலைவர் சொன்னதை நம்பி மினிட்ஸ் முன்கூட்டியே எழுதிவைத்தார். மறுநாள், கூட்டத்தன்று, விடிந்ததும் அக்காவை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடவேண்டியதாயிற்று. அக்கா பிழைக்கவில்லை, அன்றைக்கே உயிர் போய்விட்டது; கூட்டமும் நின்றுபோயிற்று. பிறகு தலைவர் மற்றவர்கள் வீடு வீடாகப் போய்க் கையெழுத்து வாங்கினார். தேதியை மாற்றினால் அனுப்பிய நோட்டீஸ் செல்லாது, தீர்மானமும் செல்லாது என்றார். செயலாளர் பதவி போய்விடுமே என்று மினிட்ஸ் தலையாட்டினார். அத்தான் கையெழுத்துப் போடுவதற்கு முன்பே கிளம்பிவிட்டதாக ஒரு வரியும் சேர்த்துக் கொடுத்தார்.

அத்தானின் வக்கீல் எழுந்தார். “அன்னிக்கு அவர் கூட்டத்துக்கு வந்தாரா?”

“வந்தார்.”

“நீங்க?”

“நானும் இருந்தேன்.”

சொன்ன வாய் கசந்தது. வக்கீல் ஒரு காகிதத்தை எடுத்தார். அதற்குள் அத்தான் எட்டி வக்கீலின் அங்கியைப் பிடித்து இழுத்து ஏதோ சொன்னார். வக்கீல் முகம் சுருங்க, வேறு கேள்வி இல்லை என்று உட்கார்ந்துவிட்டார்.

வெளியே தலைவர் முதுகில் தட்டிக்கொடுத்தார். மினிட்ஸுக்கு உடம்பெல்லாம் கூசியது. வராந்தா பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்த அத்தான் முன்னால் போய் நின்றார். “வக்கீல் எடுத்த காகிதம்...” என்று ஆரம்பித்தார். அத்தானே சொன்னார்.

“அது அன்னிக்கு உங்கக்கா ஆபரேஷனுக்குச் சம்மதம் குடுத்த காகிதம் மாப்பிள்ளை. எனக்குக் கை நடுங்குச்சுன்னு நீதான் கையெழுத்துப் போட்டே. அவ உயிருக்காகப் போட்ட கையெழுத்தக் காட்டி, உன்னப் பொய்யன்னு சொல்ல எனக்கு மனசு வரல. பதவி போனாப் போகுது.”

செருப்பால் அடித்திருந்தால்கூட மினிட்ஸ் தாங்கியிருப்பார்.

உள்ளே அடுத்த வழக்கைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். அவர் நேராகப் போய்க் கைகூப்பி நின்றார். தான் சொன்னது பொய், திரும்பச் சொல்ல அனுமதி வேண்டும் என்றார். தலைவரின் வக்கீல் பதறி எழுந்தார். நீதிபதி அவரைக் கையமர்த்திவிட்டு, பொய்ச்சாட்சிக்குத் தண்டனை உண்டு, தெரியுமா என்று கேட்டார். தெரியும் என்று சொல்லி மினிட்ஸ் மறுபடி கூண்டில் ஏறினார்.

“அப்போ அன்னிக்கு எங்க இருந்தீங்க?” என்றார் நீதிபதி.

“எங்க அக்கா சாகும்போது பக்கத்துல இருந்தேங்கய்யா,” என்றார். “அதைத்தான் இல்லன்னு சொல்லிட்டேன்.”